சூடம் ஏற்றாத சோறு

அத்தையின் மூன்றடுக்கு எனாமல் கேரியர் இப்போது சிலிபின் பகுதியில் என் வீட்டு அடுப்படி அலமாரியில் இருக்கிறது. பச்சைப் பூப் போட்டது. அடித்தட்டின் விளிம்பில் எனாமல் பெயர்ந்து கறுத்துவிட்டது. அத்தை இருந்தபோது வருடம் முழுக்க அதற்கு வேலையே கிடையாது. மெர்டேக்கா அன்று, சுதந்திர தினமான ஆகஸ்டு 31 அன்று மட்டும், அதைக் கழுவித் துடைத்து, சுடுசோறும் கருவாட்டுக் குழம்பும் வைத்து மூடுவார். மற்ற வீடுகளில் டிவியில் ஊர்வலம் ஓடிக்கொண்டிருக்கும். எங்களுக்கு மட்டும் ஏன் இந்தக் கூத்து என்று எனக்கு விளங்கவில்லை. விளங்காததை விட்டுவிட்டுச் சும்மா இருப்பதும் என் பிறவிக் குணம் இல்லை.

அத்தை என் அப்பாவின் அக்கா. அவருடைய கணவரான மாமா, வெள்ளைக்காரன் காலத்து அவசரகாலத்தில் தோட்டத்துக் கேட்டில் துப்பாக்கியோடு நின்ற ஸ்பெஷல் கான்ஸ்டபிள். மெர்டேக்கா காலையில் வேலியில் கொடியைக் கட்டுவார். பழைய மெடலைச் சட்டையில் குத்திக்கொண்டு மோட்டார் சைக்கிளை எடுப்பார். நடுவில் நான், பின்னால் அத்தை. ஜெலாப்பாங் தாண்டி, அவர்கள் முன்பு இருந்த ரப்பர் தோட்டத்துக்குப் போவோம். அங்கே முள்கம்பியெல்லாம் போய், கேட்டின் இரண்டு தூண்கள் மட்டும் நின்றன. அங்கிருந்து கேரியரை மாமாதான் தூக்கிக்கொண்டு நடப்பார். ரப்பர் மரங்கள் முடிந்து காடு தொடங்கும் இடத்தில் அத்தை வாழையிலையை விரித்துச் சோற்றைப் போடுவார். பிறகு திரும்பிவிடுவோம்.

இலையில் சோறு வைத்தால் சூடம் ஏற்ற வேண்டும் என்பது எனக்குத் தெரியும். ஒரு வருடம் பெரிய மனுஷி மாதிரி வீட்டிலிருந்து சூடம் எடுத்துப்போய் நீட்டினேன். அத்தை என் கையைத் தட்டிவிட்டார்.

"செத்தவங்களுக்குத்தான் படையல். இது சாப்பாடு."

எனக்கு ஒரு சித்தப்பா இருந்ததே அன்றைக்கு அத்தை சொல்லித்தான் தெரிந்தது. வெள்ளைக்காரனை விரட்டப் போகிறேன் என்று கம்யூனிஸ்டுகளோடு காட்டுக்குள் போனவர். அப்பா அவர் பேச்சையே எடுத்ததில்லை. காட்டிலிருப்பவர்களுக்குச் சாப்பாடு போய்விடக் கூடாது என்று அந்த நாளில் தோட்டத்தில் அரிசியைப் பொதுவில் சமைத்துத்தான் கொடுத்தார்களாம். ஒரு பருக்கை கேட்டைத் தாண்டக் கூடாது. மரம் சீவப் போகும் அத்தை தன் பங்குச் சோற்றைப் பொட்டலம் கட்டி, மரத்தில் காய்ந்து உறைந்த ஒட்டுப்பால் சேர்க்கும் சாக்குக்குள் ஒளித்துத் தம்பிக்குக் கொண்டு போயிருக்கிறார். ஒருநாள் கேட்டில் நின்றவர் சாக்குக்குள் கையை விட்டார். பொட்டலத்தைப் பிரித்துச் செம்மண்ணில் கொட்டிவிட்டு, போ என்றார். மேலதிகாரிகளிடம் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அத்தை கம்பி எண்ணியிருப்பார். அடுத்த வாரமே காவல் கூடியது. தம்பியை அத்தை அதற்குப் பிறகு பார்க்கவே இல்லை. கொட்டியவர்தான் மாமா.

அவரைப் போய் எப்படிக் கட்டிக்கொண்டீர்கள் என்று கேட்டேவிட்டேன். அத்தைக்குக் கோபம் வரவில்லை. "கொட்டுனாரு. ஆனா காட்டிக் குடுக்கல லா," என்றார். அறுபது தாண்டியும் இந்தப் பதிலை மென்றுகொண்டிருக்கிறேன். இன்னும் முழுதாக இறங்கவில்லை.

மாமாவுக்கும் ஒரு கணக்கு இருந்தது. காட்டுக்காரர்கள் சுட்டதில் அவருடைய கூட்டாளி ஒருவர் பக்கத்திலேயே விழுந்து செத்தாராம். மெடல் குத்துவது அவருக்காகத்தான் என்றார். காட்டுக்குப் போனவர்களைப் போராளிகள் என்று யாராவது சொன்னால் மாமா எழுந்து போய்விடுவார். கொலைகாரர்கள் என்று சொன்னால் அத்தை எழுந்து போய்விடுவார். விருந்தாளிகள் பாடு திண்டாட்டம்தான். ஆனாலும் கேரியரை ஏன் அவரே தூக்குகிறார் என்று நான் கேட்டபோது மாமா தலையைக் குனிந்துகொண்டார். "அன்னைக்கி அவ கையிலேர்ந்து புடுங்குனேன். இன்னைக்கி நான்தான் கொண்டு போவணும்."

பல வருடம் கழித்து, காட்டில் மிச்சமிருந்தவர்கள் ஆயுதத்தைப் போட்டுவிட்டு வெளியே வந்தார்கள். அத்தை டிவிக்கு முன்னால் நின்றபடி ஒவ்வொரு முகமாகத் தேடினார். தம்பி இல்லை. அதற்கடுத்த மெர்டேக்காவுக்கும் சோறு போயிற்று. சூடம் போகவில்லை.

இப்போது இருவரும் இல்லை. சுதந்திரம் யார் வாங்கிக் கொடுத்தது என்ற சண்டை மட்டும் ஆகஸ்டு பிறந்தால் என் கைப்பேசிக்குத் தவறாமல் வந்துவிடுகிறது. இந்த வருடம் நானே சமைத்துக் கேரியரை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். சித்தப்பா இருந்தாலும் தொண்ணூறு தாண்டியிருக்கும், இனியும் என்ன என்று, சூடத்தையும் பையில் போட்டுக்கொண்டேன்.

தோட்டம் இருந்த இடத்தில் கிடங்குகள் வந்துவிட்டன. பழைய தூண்கள் நின்ற இடத்துக்குப் பக்கத்தில் ஒரு கேட்டு. அங்கே நின்ற நேப்பாளக் காவலாளி கேரியரைக் காட்டச் சொல்லி வாங்கினார். அவர் மூடியைத் திறந்து பார்த்து, சாமிக்கா என்று மலாய் மொழியில் கேட்டார்.

"இல்லை, சாப்பாடு. என் சித்தப்பாவுக்கு," என்றேன். அந்த உறவை நான் வாய்விட்டுச் சொன்னது அதுவே முதல் தடவை.

லீவு நாளில்கூடவா சித்தப்பாவுக்குக் கிடங்கில் வேலை என்று காவலாளி பரிதாபப்பட்டார். ஆமாம் என்றேன். மூடியை இறுக்கி மூடி என் கையில் கொடுத்து, தடுப்புக் கட்டையைத் தூக்கினார். ஆறுவதற்குள் கொண்டுபோய்க் கொடுங்கள் என்றார்.

உள்ளே நடந்தேன். சூடம் பையிலேயே இருந்தது.