தையலக்கா கொடுத்த மாத்திரை

திங்கட்கிழமை காலை, இடது பக்கமாகச் சாய்ந்து படுத்திருந்த தையலக்காவின் நெஞ்சில் குளிர்ந்த பசையைத் தடவி எக்கோ எடுத்துக்கொண்டிருந்த இளைஞர், பாதியில் பேச்சை நிறுத்திவிட்டார். அதுவரை மழையைப் பற்றியும் பழுதான லிஃப்ட்டைப் பற்றியும் வாய் ஓயாமல் பேசிக்கொண்டிருந்தவர். "டாக்டரக் கூட்டிட்டு வரேன், அப்படியே படுத்திருங்க" என்று எழுந்து போனபோதே ஏதோ சரியில்லை என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது.

இதய மருத்துவர் வந்து திரையைப் பார்த்தாள். தையலக்காவுக்கு மகள் வயதுதான் இருக்கும்.

"சர்க்கரைக்கு என்ன மாத்திரை சாப்பிடுறீங்கம்மா?"

"இப்ப வேற. முன்ன மூணு வருஷம் அந்த ரோஸ் மாத்திரை. காலைல ஒண்ணு, மத்தியானம் ஒண்ணு, ராத்திரி ஒண்ணு. ஏழு மாசத்துக்கு முன்ன கடையில இல்லன்னுட்டாங்க."

"ஏன் இல்லைன்னு சொன்னாங்களா?"

"கம்பெனியிலேர்ந்து வரலன்னாங்க."

மருத்துவர் பேனாவைக் கீழே வைத்தாள். வரவில்லை என்பதல்ல, தடை செய்துவிட்டார்கள் என்றாள். அந்த மாத்திரை சர்க்கரையைக் கொஞ்சம் குறைக்கும், பசியை நன்றாகவே குறைக்கும். கூடவே இதய வால்வை உள்ளுக்குள் தடிக்கவைத்துச் சுருக்கிவிடும். கதவு சரியாகச் சாத்தாத மாதிரி ரத்தம் பின்பக்கம் கசியும். உங்களுக்குக் கசிவு நடுத்தரம், மாத்திரையில் சமாளிக்கலாம், ஆறு மாதத்துக்கு ஒருமுறை வந்து காட்டுங்கள்.

"வீட்டுல வேற யாராவது சாப்பிட்டாங்களா?"

"இல்ல டாக்டர்."

யோசிக்காமல் வந்த பதில். தொழில் பழக்கம் அது.

தையலக்கா முப்பத்தொரு வருடமாகப் பெண்களுக்குத் துணியின் தையலைப் பிரித்து, சுருக்கிப் பிடித்து, தளர்த்திக் கொடுப்பவள். அடுக்குமாடிக் குடியிருப்பின் கீழே, சைக்கிள் நிறுத்துகிற இடத்தை ஒட்டிய ஒற்றை அறைதான் கடை. கணவர் இறந்த பிறகு அந்தக் கடைதான் அவளுக்கு எல்லாம். அங்கே ஒரு சட்டம் உண்டு: அளவை வாய்விட்டுச் சொல்வதில்லை. நாடாவைப் போட்டு, பார்த்து, பென்சிலால் குறித்து, நோட்டை மூடிவிடுவாள். யார் இடுப்பு எத்தனை, யாருக்கு எந்தப் பக்கத் தோள் இறக்கம், யார் துணிக்குள் பஞ்சு வைக்கச் சொன்னார்கள், எதுவும் வெளியே போகாது. அதனால்தான் எதிர்த் தெருவில் கண்ணாடி வைத்த புதுக்கடை வந்தும் பெண்கள் இவளைத் தேடி வந்தார்கள்.

ரோஸ் மாத்திரையால் அவள் பதினோரு கிலோ இறங்கியதும் அதே பெண்கள் கண் வைத்தார்கள். எப்படி, எப்படி என்று கேட்டார்கள். சர்க்கரை மாத்திரைதானே, டாக்டர் எழுதிக் கொடுத்ததுதானே, விஷமா என்ன என்று நினைத்தாள். மருந்துக்கடைக்காரர் அவளுடைய பழைய சீட்டுக்கே கேட்கிற அட்டைகளைக் கொடுத்தார். நான்கு பேருக்கு வாங்கிக் கொடுத்தாள். அந்த நான்கு பேரில் ஒருத்தி அவளுடைய தம்பி மனைவி.

தம்பி பேருந்து நிலையத்துப் பணிமனையில் மெக்கானிக். மனைவி அதே நிலையத்தில் டிக்கெட் கவுன்ட்டரில் இருக்கிறாள். கல்யாணமான மூன்றாம் வருடத்திலிருந்து அவளை "பீப்பா" என்றுதான் கூப்பிடுவான். விருந்தாளி இருந்தாலும் பீப்பாதான். அவளும் சிரிப்பாள். தையலக்காவின் கடைக்கு வந்து, திரைக்குப் பின்னால் நின்றுகொண்டு, ஒருநாள் அழுதாள். அன்றுதான் முதல் அட்டை கைமாறியது.

தம்பி மனைவி இளைத்ததும் ஊரெல்லாம் கேட்டது. காலையில் நடக்கிறேன் என்று சொல்லிவைத்தாள். நிஜமாகவே கொஞ்சம் நடக்கவும் செய்தாள். பேருந்து நிலையத்தில் "நடைராணி" என்று பட்டம் கொடுத்தார்கள். தம்பிக்கு அதில் ஒரே பெருமை. மாத்திரை விஷயம் நாத்தனாருக்கும் அவளுக்கும் மட்டும் தெரியும்.

திங்கட்கிழமை எக்கோ முடிந்து வீட்டுக்கு வந்த தையலக்காவுக்கு, இதைத் தம்பி மனைவியிடம் எப்படிச் சொல்வது என்று புரியவில்லை. செவ்வாய்க்கிழமை முழுக்க போனை எடுப்பதும் வைப்பதுமாக இருந்தாள். புதன்கிழமை மத்தியானம் தம்பியே கூப்பிட்டான்.

"அக்கா, இவளுக்குப் பித்தப்பையில கல்லாம். வலி தாங்கல, அட்மிட் பண்ணிட்டோம். நாளைக்குக் காலைல ஆபரேஷன், முதல் ஆளா எடுக்கிறாங்க."

"நெஞ்சுக்கு ஏதாவது பார்த்தாங்களா?"

"ஈசிஜி எடுத்தாங்க, நல்லா இருக்கு. கொஞ்சம் மூச்சு வாங்குதுல்ல, அது ஆஸ்துமாதான். அதான் இன்ஹேலர் எடுக்கிறாளே."

தையலக்கா கடையைப் பூட்டிக்கொண்டு கிளம்பினாள். அவள் எக்கோ எடுத்த அதே ஆஸ்பத்திரிதான்.

வார்டில் நர்ஸ் அட்டையில் படிவத்தைச் செருகிக்கொண்டு கேள்வி கேட்டுக்கொண்டிருந்தாள். ஒவ்வாமை உண்டா. பல் ஆடுகிறதா. முன்னால் மயக்க மருந்து கொடுத்திருக்கிறார்களா.

"கடைசி ரெண்டு மூணு வருஷத்துல ஏதாவது மாத்திரை தொடர்ந்து சாப்பிட்டீங்களா?"

"தலைவலி மாத்திரைகூட தொட மாட்டா சிஸ்டர். எல்லாத்தையும் நடந்தே சரி பண்ணிடுவா" என்றான் தம்பி.

தம்பி மனைவி நாத்தனாரை ஒரு பார்வை பார்த்தாள். "ஒண்ணுமில்ல" என்றாள். நர்ஸ் எழுதிக்கொண்டு அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டாள்.

வாசலில் நிறுத்தியிருந்த வண்டியை எடுக்கச் சொல்லிக் காவலாளி வந்து தம்பியைக் கூட்டிப் போனதும், தையலக்கா கட்டிலில் உட்கார்ந்தாள். தனக்கு எக்கோவில் வந்ததைச் சொன்னாள். மாத்திரையைத் தடை செய்ததைச் சொன்னாள்.

"எனக்கு நெஞ்சு நல்லாத்தான் அண்ணி இருக்கு. வலி வயித்துலதான்."

"எத்தனை தலையணை வெச்சுப் படுக்குற?"

"மூணு. படுத்தா இருமல் வருது."

"காலக் காட்டு."

கட்டை விரலால் கணுக்காலுக்கு மேலே அழுத்தி எடுத்தாள். பிசைந்த மாவில் விரல் வைத்தது போலக் குழி அப்படியே நின்றது. படுத்தால் இருமல், காலில் குழி: ஆஸ்துமா என்று முடிவு கட்டுவதற்கு முன் யாராவது இதயத்தைப் பார்த்திருக்க வேண்டும். யாரும் பார்க்கவில்லை. பார்க்கத் தோன்றும்படி இவர்கள் எதையும் சொல்லவுமில்லை.

"டாக்டர்கிட்ட சொல்லிடுவோம்டி."

"ஐயோ அண்ணி, வேணாம்." கையைப் பிடித்துக்கொண்டாள். விரல்கள் ஜில்லென்று இருந்தன. "சொன்னா நாளைக்கு எடுக்க மாட்டாங்க. இந்த வலிய இன்னொரு நாள் என்னால தாங்க முடியாது. அப்புறம் இவரு? ரெண்டு வருஷமா என் நடையப் பத்தித்தான் பேசிட்டிருக்காரு. மாத்திரைன்னு தெரிஞ்சா, பீப்பாவோட சேர்த்து திருட்டுப் பீப்பான்னு கூப்பிடுவாரு. நாளைக்கு முடியட்டும். அப்புறம் நானே சொல்றேன். சத்தியம் பண்ணுங்க."

தையலக்கா தலையை ஆட்டினாள். தன் தலையும் அதில் தப்பும் என்பது அவளுக்குத் தெரியாமல் இல்லை. தம்பி திரும்பி வந்தபோது மூவரும் காவலாளியைப் பற்றிப் பேசிச் சிரித்தார்கள்.

வீட்டுக்கு வந்ததும் விளக்கைப் போட்டு அளவு நோட்டை எடுத்தாள். எதற்கென்று கேட்டால் அவளுக்கே சொல்லத் தெரிந்திருக்காது. தம்பி மனைவியின் பக்கத்தில் வரிசையாகத் தேதிகள். முதல் மூன்று மாதத்தில் இடுப்பு இரண்டு அங்குலம் பிடித்தது. பிறகு ஒன்றரை. பிறகு மறுபடி ஒன்று, கையிலும் பிடித்தது. கடைசி வரி ஐந்து வாரத்துக்கு முன்னால் எழுதியது: இடுப்பு தளர்த்த வேண்டும், மூன்று அங்குலம்.

அன்று, நடைராணி நடையை நிறுத்திவிட்டாள் போல என்று மனதுக்குள் சிரித்தது ஞாபகம் வந்தது. அதே வரியில் கையளவும் இருந்தது. கை தளர்த்தவில்லை. இன்னும் அரை அங்குலம் பிடித்திருந்தாள்.

தையலக்கா நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தாள். முப்பத்தொரு வருடத்தில் அவள் எத்தனையோ உடம்பு பார்த்திருக்கிறாள். சதை போட்டால் கையிலும் போடும், முதுகிலும் போடும். கை வற்றி வயிறு மட்டும் மூன்று அங்குலம் ஏறினால் அது சதை இல்லை. தண்ணீர். அந்த மூன்று அங்குலத்தைத் தன் கையாலேயே தளர்த்தி, இஸ்திரி போட்டு, மடித்துக் கொடுத்து அனுப்பியிருக்கிறாள்.

காலை முதல் பேருந்தில் ஏறினாள். வார்டில் கட்டில் காலியாக இருந்தது. "இப்பதான் கீழ கொண்டு போனாங்க" என்றாள் துப்புரவுப் பெண். லிஃப்ட் இன்னும் பழுது. படிக்கட்டில் இறங்கும்போதே மூச்சு முட்டியது. நின்றால் நேரம் போய்விடும் என்று கைப்பிடியைப் பிடித்துக்கொண்டே இறங்கினாள்.

ஆபரேஷன் தியேட்டர் கதவுக்கு வெளியே தள்ளுகட்டில் நின்றது. தம்பி மனைவியின் கையில் ஊசி ஏற்றியாகிவிட்டது. பச்சைத் தொப்பி போட்ட மயக்க மருத்துவர் படிவத்தைப் புரட்டிக்கொண்டிருந்தார். தம்பி கால்மாட்டில் நின்றான்.

"டாக்டர், ஒரு நிமிஷம்."

"நீங்க வெளிய இருங்கம்மா."

"அண்ணி" என்றாள் கட்டிலில் இருந்தவள். கெஞ்சலா மிரட்டலா என்று தெரியாத குரல்.

"அந்த ஃபாரத்துல எழுதியிருக்கிறது பொய் டாக்டர். இவ ரெண்டு வருஷம் ரெண்டு மாசம் மாத்திரை சாப்பிட்டிருக்கா. இப்ப தடை பண்ணின அந்த ரோஸ் மாத்திரை, சர்க்கரைக்குக் குடுக்கிறது. நான்தான் வாங்கிக் குடுத்தேன். எனக்கு அதே மாத்திரையால வால்வு கசியுதுன்னு திங்கட்கிழமைதான் சொன்னாங்க. இவளுக்குக் கால்ல தண்ணி, வயித்துல தண்ணி. தேதி எல்லாம் இதுல இருக்கு." நோட்டை நீட்டினாள்.

மருத்துவர் நோட்டைப் பார்க்கவில்லை. முதலில் ஸ்டெதஸ்கோப்பை எடுத்தார். "எல்லாரும் பேசாம இருங்க" என்றார். நெஞ்சில் வைத்துக் கேட்டார், பக்கத்தில் வைத்துக் கேட்டார், தூக்கி உட்காரவைத்து முதுகில் கேட்டார். கேட்கக் கேட்க அவர் முகம் இறுகியது. பிறகுதான் நோட்டை வாங்கி அந்தப் பக்கத்தைப் படித்தார்.

"உள்ள சொல்லிடுங்க. இந்தக் கேஸ் இப்ப இல்ல. உடனே எக்கோ வேணும்."

தம்பி மனைவி முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டாள். கட்டில் நகர்ந்தது. தம்பி நகரவில்லை.

"நீயா குடுத்த?"

"நான்தான்."

"என் பொண்டாட்டிக்கு, எனக்குத் தெரியாம."

பீப்பா என்று கூப்பிட்டது யாரடா என்பது வாய்வரை வந்தது. விழுங்கிவிட்டாள்.

"நாலு நாளா உனக்குத் தெரியும். நேத்து இங்க உக்காந்து சிரிச்சுட்டுப் போன" என்றான்.

"ஆமா."

அவன் கட்டில் போன பக்கம் திரும்பி நடந்தான். அடித்திருந்தால்கூடத் தேவலை என்று இருந்தது அவளுக்கு.

தம்பி மனைவிக்கு இரண்டு வால்வு கசிந்தது, ஒன்று மோசமாக. நுரையீரலில் நீர் கோத்திருந்தது. அன்று காலை மயக்க மருந்து ஏறியிருந்தால் மேசையிலேயே இதயம் நின்றிருக்கலாம் என்று மருத்துவர் தம்பியிடம் சொன்னார். பித்தப்பை வலிக்கு ஊசி போட்டுப் பொறுக்கவைத்தார்கள். நீர் வடிய மருந்து கொடுத்தார்கள். இரண்டே நாளில் தம்பி மனைவி ஒரு தலையணையில் தூங்கினாள்.

சனிக்கிழமை காலை தம்பி கடைவாசலில் வண்டியை நிறுத்தினான். உள்ளே வரவில்லை.

"வேற யாருக்கெல்லாம் குடுத்த?"

"மூணு பேரு. இன்னைக்குப் போறதாத்தான் இருந்தேன்."

"தனியா அலைய முடியாது உன்னால. வண்டியில உக்காரு."

முதல் பெண் பள்ளி ஆசிரியை. கேட்டதும் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள், அப்புறம் எக்கோ எடுக்கிற இடத்தின் முகவரியை எழுதிக்கொண்டாள். இரண்டாமவள் வீடு மாறிப் போயிருந்தாள். பக்கத்து வீட்டில் புது எண்ணை வாங்கி, வாசலிலேயே நின்று போனில் சொன்னாள் தையலக்கா. மறுமுனையில் திட்டு விழுந்தது. முழுதும் கேட்டுக்கொண்டு, எக்கோ எடுக்க வேண்டிய இடத்தை இரண்டு முறை திருப்பிச் சொன்னாள்.

மூன்றாமவள் பேக்கரிக்காரி. கல்லாவில் நின்றபடியே கையை விரித்தாள்.

"எனக்கென்ன அக்கா, குத்துக்கல்லாட்டம் இருக்கேன். மாவு மூட்டைய நானே தூக்குறேன். சும்மா போய்ப் படுத்து நெஞ்சக் காட்டச் சொல்றீங்களா? நீங்க குடுக்கும்போது ஒண்ணும் செய்யாதுன்னீங்க. இப்ப செய்யும்கிறீங்க. எதத்தான் நம்புறது?"

அந்தக் கேள்வி நியாயம்தான்.

வண்டியில் உட்கார்ந்திருந்த தம்பி இறங்கி வந்தான். கிரீஸ் படிந்த கையைக் கல்லாமேல் வைத்தான்.

"எங்க வீட்டுக்காரியும் இப்படித்தாம்மா சொன்னா. வியாழக்கிழமை காலைல தியேட்டர் வாசல்ல இருந்து திருப்பிக் கூட்டிட்டு வந்தேன். இன்னும் கொஞ்ச நேரம் தாமதிச்சிருந்தா, தூக்கிட்டு வந்திருப்பேன்."

பேக்கரிக்காரி அவனையும் தையலக்காவையும் மாறி மாறிப் பார்த்தாள். பிறகு உள்ளே திரும்பி, "கடையப் பார்த்துக்க, ஆஸ்பத்திரி வரைக்கும் போய்ட்டு வரேன்" என்று கணவருக்குக் குரல் கொடுத்தாள்.

தம்பி மனைவிக்கு இரண்டு மாதம் கழித்து உலோக வால்வு வைத்தார்கள். அதன் பிறகு பித்தப்பையை எடுத்தார்கள். இனி ஆயுசுக்கும் ரத்தத்தை இளக்கும் மாத்திரை, மாதாமாதம் ரத்தப் பரிசோதனை. அமைதியான அறையில் அவள் நெஞ்சிலிருந்து டிக் டிக் என்று கேட்கும். "எந்த ரூம்ல இருக்கான்னு இனி தேட வேணாம்" என்கிறான் தம்பி. பீப்பா என்ற வார்த்தை அதற்குப் பிறகு அவன் வாயிலிருந்து வரவில்லை. அக்கா என்ற வார்த்தை வரவும் வெகுநாள் ஆயிற்று.

பரிசோதனைக்கு அழைத்துப் போவது தையலக்காதான். முதல் மாதம், வரிசையில் டோக்கனுடன் உட்கார்ந்திருந்தபோது தம்பி மனைவி கேட்டாள்:

"அன்னைக்குக் கையப் பிடிச்சு சத்தியம் பண்ணீங்களே அண்ணி."

"பண்ணேன்."

"இனிமே உங்ககிட்ட ஒரு ரகசியமும் சொல்ல மாட்டேன்."

"சொல்லாத" என்றாள் தையலக்கா. "எழுந்திரு, உன் நம்பர் வந்துடுச்சு."