சேர்த்து வைக்கும் ஊர்

நாகர்கோவிலில் நான் வக்கீல் பலகை மாட்டிய காலத்தில்தான் குடும்ப வன்முறைச் சட்டம் புதிதாக வந்திருந்தது. இனி அடிபட்ட பெண்கள் நேராகக் கோர்ட்டுக்கு வருவார்கள் என்று நம்பினேன். நம்புவதற்குக் காசா பணமா? எங்கள் பக்கத்தில் ஒருத்தி கோர்ட்டுப் படி ஏறுமுன் ஊர்க்கமிட்டி, மாமன், சித்தப்பன், மகளிர் காவல் நிலையம் என எல்லா வாசலிலும் கணவனோடு சேர்த்து வைக்கப்பட்டிருப்பாள். அந்தத் திருப்பணியில் எங்கள் ஆட்களை மிஞ்ச ஆளில்லை.

குளச்சலுக்குப் பக்கத்துக் கடற்கரை ஊரிலிருந்து வந்த பெண்ணும் அப்படிப் பலமுறை சேர்க்கப்பட்டவள்தான். கடைசியாகக் கமிட்டி சேர்த்து வைத்த வாரமே கணவன் அவள் கையை முறித்து வெளியே தள்ளினான். மாவுக்கட்டோடு அக்கா வீட்டில் கிடந்தாள். "எனக்கு அந்த வீட்டுல பயமில்லாம ஒறங்கணும் வக்கீலம்மா" என்றாள். வேறொன்றும் கேட்கவில்லை.

வழக்குப் போட்டோம். அவள் அந்த வீட்டில் இருக்கலாம், கணவன் வெளியேற வேண்டும், அவளை நெருங்கக் கூடாது என்று உத்தரவானது.

அவளைக் கூட்டிக்கொண்டு நானும் ஒரு பெண் எஸ்.ஐ.யும் போனோம். வாசலில் கூட்டம். தகராறு என்று நினைத்தேன். இல்லை, வரவேற்பு! பிளாஸ்டிக் நாற்காலி, டீ, ரசவடை. கோர்ட்டு சொல்லி மனைவி வீட்டுக்குத் திரும்புகிறாள் என்பதோடு ஊர் காதைப் பொத்திக்கொண்டது. மனைவி திரும்பினால் சேர்ந்தாயிற்று, அதற்குமேல் கேட்க என்ன இருக்கிறது? முழு உத்தரவும் தெரிந்த ஒரே உள்ளூர்க்காரன் கணவன். அவன் கழுத்தில் மாலையோடு, வாயே திறக்காமல் சிரித்துக்கொண்டிருந்தான்.

"பாத்தியளா, நாங்க சொன்னதத்தான் கோர்ட்டும் சொல்லிருக்கு" என்றார் கமிட்டித் தலைவர். கட்டுப்போட்ட கையை விட்டுவிட்டு அவளது நல்ல கையாகப் பார்த்துப் பிடித்து, அவன் கையில் வைக்கப் போனார். எவ்வளவு கரிசனம்!

நான் உத்தரவைச் சத்தமாகப் படித்தேன். ரசவடை மென்ற வாய்கள் நின்றன.

"அதெல்லாம் கோர்ட்டுக்கு உள்ளது. வீட்ட விட்டு எறங்கி அவன் எங்க போவான், பாவம்?" என்றார் தலைவர். கை முறிந்தவள் எங்கே போனாள் என்று ஒருநாளும் கேட்காத மனிதர். எஸ்.ஐ. டீயை உறிஞ்சியபடி, "இத்தன பேரு சொல்லுதாவல்லா, ரெண்டு நாள் சேந்து இருந்துதான் பாரேன் மக்கா" என்றார். யூனிபார்ம் போட்ட சித்தி.

எனக்கு ஆத்திரத்தைவிடப் பயம்தான் அதிகம். அவள் தலை குனிந்திருந்தது. இப்படிக் கூட்டத்துக்கு நடுவே தலையாட்டிவிட்டு, பிறகு ஆஸ்பத்திரியில் கண் திறந்தவர்களை எனக்குத் தெரியும்.

அவள் தலைவரின் பிடியிலிருந்து கையை உருவிக்கொண்டாள். படியேறி உள்ளே போய்த் திரும்பி நின்றாள்.

"எல்லாரும் சாப்பிட்டாச்சா?"

ஆச்சு என்றார்கள்.

"சந்தோசம்." தலைவர் பக்கம் திரும்பினாள். "இவரு மேல ஒங்களுக்கு இவ்வளவு பாசம் இருக்குல்லா மாமா, கொஞ்ச நாள் ஒங்க வீட்டுல வச்சுக்கிடுங்க."

கதவைச் சாத்தினாள். உள்ளே தாழ்ப்பாள் விழுந்தது. கூட்டம் செருப்பைத் தேடத் தொடங்கியது. மாலையோடு நின்றவன் தலைவரைப் பார்த்தான்.

தலைவர் இரண்டடி பின்னால் போனார். "எங்க வீட்டுலயா? பெண்பிள்ளையள் இருக்கப்பட்ட வீடாக்கும் அது!"