மம்சாபுரத்தில் எடுத்த ஒரு நிமிடம்

கொலை வழக்குகளைப் படமாக்கிப் பிழைத்தவன் நான். கிடைத்த கேடயங்கள் ராஜபாளையத்து வீட்டில் இருக்கின்றன. அவற்றில் ஒன்று பொய்க்குக் கிடைத்தது.

மம்சாபுரத்தில் பலசரக்குக் கடை வைத்திருந்த ஒருவரின் மனைவி கிணற்றில் இறந்து கிடந்தார். போலீஸ் கடைக்காரரை விசாரித்து விட்டுவிட்டது. நான் விடவில்லை. அவர் வீட்டிலேயே பேட்டி எடுத்தேன். கேட்டதற்கெல்லாம் பதில் சொன்னார். "நீங்கள்தான் தள்ளினீர்களா?" என்று மட்டும் நான் கேட்கவில்லை. முகத்துக்கு நேரே கேட்கத் துணிவு வரவில்லை.

பேட்டி முடிந்ததும் யாரும் பேசாத அறையின் சத்தத்தை ஒரு நிமிடம் பதிவு செய்வது எங்கள் வழக்கம். படத்தொகுப்பில் வெட்டிய இடங்களை நிரப்ப அது தேவைப்படும். ஃபேனை நிறுத்தச் சொல்லிவிட்டு, "செத்த நேரம் பேசாம அப்படியே இருங்க அண்ணாச்சி" என்றேன். கேமராவும் ஓடியது. நெற்றியில் வியர்வை இறங்கியது. துடைக்கலாமா என்று கண்ணால் கேட்டார். வேண்டாமென்று கை காட்டினேன்.

பிறகு சென்னையில், கேட்காத அந்தக் கேள்வியை என் குரலில் பதிந்து, அதன் பின்னால் அந்த நிமிடத்தை ஒட்டினேன். பதில் சொல்ல முடியாமல் ஒருவர் வியர்ப்பதை ஊரே பார்த்தது.

கடைக்காரர் மகளுக்கு ஸ்ரீவில்லிபுத்தூரில் பேசியிருந்த சம்பந்தம் நின்றுபோனது. அவளையும் அழைத்துக்கொண்டு என் வீட்டுக்கு வந்தார்.

"எங்கப்பாட்ட அதக் கேட்டியளா சார்?" என்றாள் அவள்.

"படத்துல இருக்கேம்மா."

"படத்துல இருக்கு. வீட்டுல கேட்டியளா? நான் அடுப்படியிலதான நின்னேன்."

"ஏட்டி, சும்மா இரு" என்று அவர் அடக்கினார். "சார், மாப்பிள்ளை வீட்டுல வந்து, கேக்கலன்னு ஒரு வார்த்தை சொல்லிருங்க. போதும்."

"நீங்க சும்மா இருந்துதானப்பா இம்புட்டும் வந்துச்சு" என்றாள்.

வருவதாகச் சொன்னேன். படம் அப்போது விருதுக்குப் போயிருந்தது. நான் போகவில்லை. அந்த மாப்பிள்ளை வேறிடத்தில் கட்டிக்கொண்டார்.

கடைக்காரர் இப்போது இல்லை. மகள்தான் கடையைப் பார்த்துக்கொள்கிறாள், கல்யாணம் ஆகவில்லை. போன மாதம் போய் நின்றேன். கடையில் இரண்டு பேர் சாமான் வாங்கிக்கொண்டிருந்தார்கள்.

"நான் உங்கப்பாவிடம் அதைக் கேட்கவே இல்லம்மா" என்றேன்.

பருப்பை எடைபோட்டபடியே, "எனக்குத்தான் தெரியுமே. இவியகிட்டச் சொல்லுங்க" என்றாள்.

அவர்கள் பக்கம் திரும்பிச் சொன்னேன், படத்தில் செய்ததை முழுதாக.

"எந்தப் படம்?" என்றார் ஒருவர்.