போதும்பொண்ணு என்று வைக்கப் பார்த்தேன்

ஏழெட்டு வருடங்களுக்கு முன்பு கோவில்பட்டி ஆஸ்பத்திரி ஒன்றில் என் மனைவிக்கு மூன்றாவதும் பெண் பிறந்தது. இனிப் பெண் வேண்டாம் என்றால் எங்கள் பக்கம் 'போதும்பொண்ணு' என்று பெயர் வைப்பார்கள். அடுத்தது பையனாகப் பிறக்கும் என்று ஒரு நம்பிக்கை. நான் பிள்ளையின் முகத்தைச் சரியாகப் பார்க்கக்கூட இல்லை.

"போதும்பொண்ணுன்னே வச்சிருவோம்" என்றேன். மனைவி சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

பிள்ளையைத் துடைத்துக்கொண்டிருந்த நர்ஸ் நிமிர்ந்து பார்த்தார்.

"எம் பேரும் அதுதான் அண்ணாச்சி. எனக்கு அடுத்து தம்பி பொறந்தான், வீட்ல எல்லாருக்கும் சந்தோசம். ஆனா இன்னைக்கும் யாராவது என்னைய பேர் சொல்லிக் கூப்பிட்டா, நீ எதுக்குப் பொறந்தேன்னு கேக்குத மாதிரியே இருக்கு."

அவர் கோபமாகச் சொல்லியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். எனக்கு உடம்பெல்லாம் கூசிவிட்டது. மனைவியிடம், "ஏட்டி, நீயே ஒரு பேரு சொல்லு" என்றேன். அவள் என் பக்கம் திரும்பி, "செல்லக்கனி" என்றாள்.

செல்லக்கனி இப்போது பள்ளிக்கூடம் போகிறாள். யாராவது அவளைக் கூப்பிட்டால், நான் வைக்க இருந்த பெயரும் சேர்ந்து காதில் விழுந்து தலைகுனிய வைக்கிறது. இப்போதெல்லாம் ஊரில் பெண் பிறந்த வீடுகளுக்கு வலியப் போய், "தாய்க்காரி என்ன பேரு ஆசப்படுதா?" என்று கேட்டுவிட்டுத்தான் வருகிறேன்.