ஏய் என்றால் வேண்டாம்

மராட்டி தேசத்துக் கடக்வாஸ்லா ஏரிக்கரையில் சினிமா ஷூட்டிங். ஒரு பெண்மணி, வெளிச்சத் தகடு பிடிக்கும் பாண்டுரங்கைப் பார்த்து “ஏய்! ஏய்!” என்று அதட்டினார். எனக்குச் சுருக்கென்றது. என்ன மரியாதை இது?

அவர் ஹெல்மி. பின்லாந்துக்காரர், ஒளிப்பதிவாளர், வயது அறுபது. சினிமாவில் தொடங்கி, பிறகு இருபத்தைந்து வருடம் டி.வி. — சமையல் நிகழ்ச்சி, சீரியல்... “இது போதும், அடுத்த ஷாட்!” என்று விரட்டியே காலத்தை ஓட்டிவிட்டார்களாம். இப்போதுதான் மறுபடி ஒரு சினிமா. அதன் கடைசிக் காட்சி, அந்தி வெயிலில் ஏரியைக் கடக்கும் படகு. அதை எடுக்க மூன்றே மாலைப்பொழுதுகள்.

நான் எப்படி அங்கே? நாங்கள் குடியிருக்கும் பாணேரில் எதிர்வீட்டு சுதாகர்தான் புரொடக்‌ஷன் மேனேஜர். “அக்கா, மேடம் பேசற இங்கிலீஷை எடுத்துச் சொல்ல மராட்டி தெரிஞ்ச ஆள் வேணும். நீங்க வந்தே ஆகோணும்” என்றார். கோயம்புத்தூர்க்காரர் கேட்டால் மறுக்க முடிகிறதா?

ஹெல்மி “ஏய்” என்றதும் பாண்டுரங் தகடும் கையுமாக ஓடி வந்தார். கேமராவுக்குக் குறுக்கே! ஒரு மாலை போச்சு. மறுநாளும் அதே கூத்து. பொறுக்காமல் கேட்டேன்.

“எதற்கு அவரைக் கூப்பிட்டுக் கூப்பிட்டுத் திட்டுகிறீர்கள்?”

“நான் எங்கே கூப்பிட்டேன்? அசையாதே, வேண்டாம் என்றேன்!”

அவர் மொழியில் ‘ஏய்’ என்றால் ‘வேண்டாம்’. மராட்டிக்காரர் காதில் அது ‘வா’. என் காதில் வசவு!

“மராட்டியில் வேண்டாம் எப்படி?”

“நகோ.”

மூன்றாம் நாள் முழுக்க “நகோ, நகோ” என்று முணுமுணுத்தபடியே இருந்தார். மாலையில் பார்த்தால் மேகம். சுதாகர் கையைப் பிசைந்தார்.

“மேடம்கிட்டச் சொல்லுங்கக்கா, பேக்-அப் பண்ணிரலாம். ஏரியை கம்ப்யூட்டர்ல போட்டுக்கலாம்னு புரொட்யூசர் சொல்லிட்டாருங்க.”

தயங்கித் தயங்கிச் சொன்னேன். ஹெல்மி கேமராவிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“நகோ!”

அரை மணி காத்திருந்தோம். மேகத்துக்கும் மலைக்கும் நடுவே சூரியன் எட்டிப் பார்த்தது... நாலே நிமிடம். பாண்டுரங் ஒரு காலை எடுத்து வைத்தார். “நகோ!” அப்படியே நின்றுவிட்டார். படகு பொன்னாகக் கடந்தது. ஹெல்மி அழுதுகொண்டே சிரித்தார். எனக்கும் கண் கலங்கியது.

திரும்பும்போது காரில் சுதாகர் மெல்ல ஆரம்பித்தார். “அக்கா, அடுத்த வாரமும் ஒரு ஷூட்டிங்...”

“சரி” என்றேன். நாலு மொழி தெரியும் எனக்கு. ‘வேண்டாம்’தான் ஒன்றிலும் வருவதில்லை!