பார்சலின் ஸ்டேஷன்

அவனை எல்லோரும் மேஸ்திரி என்று கூப்பிடுவதைக் கேட்டால், கட்டட வேலைக்குப் போகிறவன் என்றுதான் புதியவர்கள் நினைப்பார்கள். அவன் கையில் சிமெண்டு பட்டதே இல்லை. வேலை பார்ப்பது கம்ப்யூட்டர் ரிப்பேர் கடையில். காலையில் ஷட்டரைத் தூக்குவான், வருகிற மெஷின்களின் வயிற்றைத் திறந்து தூசி ஊதுவான், சாயங்காலம் ஷட்டரை இறக்குவான். மேஸ்திரி என்ற பெயர் வந்தது இரண்டுக்கும் நடுவில், மத்தியான வேளையில்.

மத்தியானம் முதலாளி வீட்டுக்குச் சாப்பிடப் போவார். சாப்பிட்டதும் ஒரு குட்டித் தூக்கம் போடாமல் திரும்ப மாட்டார். அவருடைய ஸ்கூட்டர் சத்தம் தெருமுனையில் தேய்ந்ததும் பின்னறையில் மூன்று மெஷின்கள் கண் விழிக்கும். அதற்கு இன்டர்நெட் வேண்டியதில்லை. அதன் பாஸ்வேர்டை முதலாளி தன் மனைவிக்கே சொன்னதில்லை. மெஷின்களை ஒன்றோடொன்று இணைக்கிற ஒரு பழைய சுவிட்ச் பெட்டி, அதிலிருந்து மூன்று வயர், அவ்வளவுதான். ஒரு மெஷினில் விளையாட்டு ஊரைத் திறந்து வைத்தால் மற்ற இரண்டிலிருந்தும் உள்ளே நுழைந்துவிடலாம். கல்லையும் மரத்தையும் வெட்டி, சதுரம் சதுரமாக அடுக்கி, மனசுக்குத் தோன்றியதைக் கட்டிக்கொள்கிற விளையாட்டு அது. அதில் ஜெயித்தவனும் இல்லை, தோற்றவனும் இல்லை.

விளையாடுகிறவர்கள் மூன்று பேர். மேஸ்திரியோடு அதே கடையில் வயர் இழுக்கிற பல்லி ஒருவன். ஏணியைத் தேடுகிற நேரத்தில் ஜன்னல் கம்பியைப் பிடித்து மேலே போய்விடுவான் என்பதால் அந்தப் பெயர். இன்னொருவன் பார்சல். கூரியர்காரன். கடைக்கு வருகிற சாமான்களை இறக்கிவிட்டு, சாப்பாட்டு டப்பாவைப் பின்னறையிலேயே திறப்பான். இடது கையால் சாப்பிட்டுக்கொண்டே வலது கையால் மவுசைப் பிடிக்க முடிந்திருந்தால் அந்த நேரத்தையும் மிச்சம் பிடித்திருப்பான்.

மேஸ்திரிக்கு அக்கா வீட்டு ஹாலில்தான் படுக்கை. அவன் பெட்டி பிரிட்ஜுக்கும் சுவருக்கும் நடுவில் இருந்தது. மாமா டிவியை அணைத்தால்தான் பாய் விரிக்க முடியும். மாமா கெட்டவர் என்று சொல்ல முடியாது. ஆனால், "என்ன மாப்ள, தூக்கம் வந்தா சொல்லு, நான் வேணா எழுந்து போயிடறேன்" என்று சிரித்துக்கொண்டே சொல்வார். சொல்லிவிட்டு எழுந்திருக்க மாட்டார்.

அதனால்தானோ என்னவோ, விளையாட்டில் அவன் மலை உச்சியில் எட்டு அறை வைத்து ஒரு வீடு கட்டினான். ஒவ்வொரு அறைக்கும் கதவு வைத்தான். வேலை முடிய மாதக்கணக்கானது.

"ஒத்தை ஆளுக்கு எதுக்குடா எட்டு ரூம்?" என்றான் பல்லி.

"ஒண்ணுல தூங்குவேன். ஒண்ணுல கோவமா இருப்பேன்."

"மீதி ஆறுல?"

"உங்களை விடமாட்டேன்."

பார்சல் வாயில் சோற்றோடு சிரித்துப் புரையேறினான். அன்றைக்கு வைத்ததுதான் மேஸ்திரி என்ற பெயர்.

அந்த ஊருக்கு ஒரு சட்டம் இருந்தது. அது வரக் காரணம் பார்சல்தான். ஆரம்பத்தில் அவன் ஒரு நாள் ஊரை யாருக்கும் தெரியாமல் பென் டிரைவில் நகல் எடுத்துக்கொண்டு போனான். வீட்டில் உட்கார்ந்து அந்த நகலை முழுக்கத் தோண்டிப் பார்த்துவிட்டான். மறுநாள் கடையில் நேராகப் போய் மண்ணுக்கு அடியில் வைரம் புதைந்திருக்கிற இடத்திலேயே மண்வெட்டியை வைத்தான். மேஸ்திரிக்குப் பொறி தட்டியது.

"என்னடா பார்சல், பூமிக்கு அடியில உனக்குச் சொந்தக்காரங்க இருக்காங்களா? நேரா அவங்க வீட்டுக்கே போறே?"

பார்சல் முகத்தில் ஈயாடவில்லை. உண்மையைச் சொல்லிவிட்டான். மேஸ்திரி நாட்டாமை மாதிரி சாய்ந்து உட்கார்ந்து தீர்ப்புச் சொன்னான். வைரமெல்லாம் நெருப்புக் குழம்பில் போக வேண்டும். இனிமேல் ஊர் ஒன்றே ஒன்றுதான், நகலே கூடாது. வேறு மெஷினுக்கு மாற்றினால் மூன்று பேரும் பார்க்கப் பழையதை அழித்துவிட வேண்டும். "கூட இருக்கறவனை ஏமாத்திட்டு என்னடா விளையாட்டு?" என்று கடைசியில் ஒன்று சேர்த்துக்கொண்டான். பார்சல் தலையைக் குனிந்துகொண்டு வைரங்களைத் தூக்கிப் போட்டான்.

அதற்குப் பிறகுதான் அவன் ஸ்டேஷன் கட்ட ஆரம்பித்தான். மலைக்குக் கீழே, மேஸ்திரி வீட்டு வாசலிலிருந்து பார்த்தால் தெரிகிற இடம். குறுக்கு வழியே இல்லாமல், ஒவ்வொரு கல்லையும் தானே வெட்டினான். பிளாட்பாரம், ஊரைச் சுற்றித் தண்டவாளம், மேலே மணிக்கூண்டு, மணிக்கூண்டுக்குள் தனக்கு ஒரு கட்டில். எப்போதாவது பின்னறைக்குள் எட்டிப் பார்க்கிற பக்கத்துக் கடைக்காரர்கூட, "அட, அந்த ஸ்டேஷனை யாரு கட்டினது? மேஸ்திரியா?" என்பார். "பார்சல்ண்ணே," என்று மேஸ்திரி சொல்வான். சொல்லும்போது சிரிப்பான். அப்படிச் சிரிக்க ஒவ்வொரு முறையும் அவனுக்குக் கொஞ்சம் கஷ்டமாக இருந்தது.

இப்படியிருக்கும்போது ஒரு பல் டாக்டரின் மெஷின் ரிப்பேருக்கு வந்தது. ஃபேன் மட்டும்தான் போயிருந்தது, மற்றபடி புத்தம் புதுசு. வேறொரு ஃபேனை வெளியில் மாட்டி ஓட்டிப் பார்த்த பல்லிக்கு எச்சில் ஊறியது. "டேய், இதுல நம்ம ஊரைப் போட்டா வழுக்கிக்கிட்டு ஓடும்டா. நம்ம மெஷின் மூச்சு வாங்குது பாரு."

வந்த மெஷினில் கைவைக்கக் கூடாது என்பது முதலாளியின் கண்டிப்பான உத்தரவு. தெரிந்தால் வேலை போய்விடும். ஆனாலும் புது ஃபேன் வர அடுத்த வாரம் ஆகும் என்று சொல்லியிருந்தார்கள். விளையாட்டையும் ஊரையும் டாக்டர் மெஷினில் ஏற்றினார்கள். சட்டப்படி, மூன்று பேரும் பார்க்க, பழையதை மேஸ்திரியே அழித்தான்.

ஃபேன் சீக்கிரமே வந்துவிட்டது. கொண்டுவந்தவன் பார்சல்தான். பெட்டிக்குள் என்ன இருக்கிறதென்று தெரியாமல் காலையிலேயே கவுண்டரில் வைத்துவிட்டு அடுத்த தெருவுக்குப் போய்விட்டான். பல்லி வெளியே வயரிங் வேலையில் இருந்தான். டாக்டர் வந்து நின்றார், முதலாளி பக்கத்தில் நின்றார். "சட்டுனு மாட்டிக் குடு, சாருக்கு நேரமாச்சு."

ஊர் அதற்குள் இருப்பதை மேஸ்திரி மறக்கவில்லை. திருகாணியை மெதுவாக இறுக்கினான். பென் டிரைவ் சட்டைப் பையிலேயே இருந்தது. "சார், ஒரு தடவை ஓட்டிப் பார்த்துடறேன்" என்றான். "இப்பதான் ஓட்டிக் காட்டினியே, இன்னும் என்ன?" என்றார் முதலாளி. கடைசியில் அவனே மெஷினைத் தூக்கிக்கொண்டு போய் டாக்டரின் காரில் வைத்தான். டாக்டர் அதற்குக் குழந்தைக்குப் போடுவதுபோல சீட் பெல்ட் போட்டுவிட்டார்.

மத்தியானம் பின்னறையில் யாரும் சாப்பிடவில்லை. "போய்க் கேக்கலாம்டா" என்றான் பார்சல். "என்னன்னு கேப்பே? உங்க மெஷின்ல எங்க ஊரு இருக்கு, குடுங்கன்னா?" என்றான் பல்லி. கடைசியில் மேஸ்திரி துணிந்து டாக்டருக்குப் போன் செய்தான். புது ஃபேன், ஒரு தடவை வந்து பார்த்துவிட்டால் நல்லது என்றான். "ஞாயித்துக்கிழமை வீட்டுக்கு வாப்பா" என்றார் அவர்.

வீட்டில் மெஷின் முன்னால் டாக்டரின் மகள் உட்கார்ந்திருந்தாள். முன்பல் ஒன்று விழுந்திருந்தது. திரையில் இருந்தது அவர்களுடைய ஊர்தான். டாக்டர் மகளின் தோளைத் தட்டி, "அங்கிள் வந்திருக்காங்க பாரு" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.

"அங்கிள், இந்த கேம் மெஷின்கூடவே வந்துச்சு. ஊரும் ஃப்ரீயா வந்துச்சு!"

"அப்படியா பாப்பா?"

"இங்க ஒரு வீடு இருந்துச்சு. நான் வெடிச்சிட்டேன்." அவள் காட்டிய இடத்தில் பல்லி கட்டியிருந்த வீட்டின் அடையாளமே இல்லை. கருகிய ஒரு பள்ளம். "இப்ப அந்த மலை மேல இருக்குல்ல, அதை வெடிக்கப் போறேன். லூசு மாதிரி எட்டு ரூம் கட்டி வெச்சிருக்காங்க. உள்ள ஒரே ஒரு கட்டில்தான் இருக்கு!"

அவன் வீட்டு வாசலில் வெடிக்கட்டிகளை அவள் வரிசையாக அடுக்கியிருந்தாள். உள்ளேயிருந்து அம்மா சாப்பிடக் கூப்பிட்டாள். "ஒரே ஒண்ணு வெடிச்சிட்டு வரேம்மா!" என்று கத்திவிட்டு, திரையில் வெடியைப் பற்றவைக்கிற தீக்கல்லை எடுத்தாள்.

"பாப்பா, வேணாம். அது அங்கிளோட வீடு மாதிரி இருக்கு. விட்டுடேன்."

"அப்ப எதை வெடிக்கறது?"

மாட்டுக்கொட்டகை இருந்தது. பாலம் இருந்தது. ஒன்றுமே இல்லாத மலைச்சரிவு கண்ணுக்கெட்டிய தூரம் கிடந்தது. மேஸ்திரியின் விரல் எழுந்தது. "அதோ, கீழ இருக்கு பாரு, மணிக்கூண்டு. அது நல்லா வெடிக்கும்."

நன்றாகத்தான் வெடித்தது. மணிக்கூண்டு உள்ளே மடிந்து விழுந்தது. தண்டவாளம் துண்டு துண்டாகப் பறந்தது. பாப்பா கைதட்டிவிட்டுச் சாப்பிட ஓடினாள். அறையில் தனியாக நின்ற மேஸ்திரி பென் டிரைவைச் செருகி ஊரை நகல் எடுத்தான். அந்தப் பெண் அழுவாள் என்று அங்கிருந்ததை அழிக்காமல் விட்டான். ஊர் ஒன்றுதான் என்ற சட்டமும் அன்றோடு சரி.

மறுநாள் பின்னறையில் ஊரைத் திறந்தபோது பார்சல் முதலில் போனது ஸ்டேஷனுக்குத்தான். பள்ளத்தின் விளிம்பில் போய் நின்றான். பிறகு உள்ளே இறங்கிச் சுற்றிப் பார்த்தான். அவன் எதிரில் சாப்பாட்டு டப்பா திறந்தபடி இருந்தது.

"நான் போகும்போதே எல்லாம் போயிருந்துச்சுடா," என்றான் மேஸ்திரி. "என் வீட்டுக்கும் வெடி வெச்சிருந்தா. அதுக்குள்ள சாப்பிடக் கூப்பிட்டாங்க."

"பரவால்லடா," என்றான் பார்சல். "மொத்தமா போக இருந்ததைக் கொண்டாந்துட்டியே. வேற எவனா இருந்தா அந்த வீட்டு வாசப்படி ஏறியிருப்பானா? விடு, திரும்பக் கட்டிக்கலாம்."

இதைக் கேட்கத்தான் மேஸ்திரியால் முடியவில்லை. திட்டியிருந்தால்கூடத் தேவலாம் போலிருந்தது. அன்றிலிருந்து அவன் தன் வீட்டுப் பக்கமே போகவில்லை. பார்சலுக்குக் கல் வெட்டினான், தண்டவாளம் பதித்தான், கோணல் என்று பார்சல் சொன்னால் பெயர்த்து மறுபடி பதித்தான். "மேஸ்திரின்னா மேஸ்திரிதான்டா," என்றான் பார்சல். ஒரு நாள் தன் டப்பாவிலிருந்து பாதியை அவன் தட்டில் தள்ளினான். பல்லி கண்ணடித்து, "ரெண்டு பேருக்கும் ஜோடிப் பொருத்தம் பார்க்கவா?" என்றான். இவ்வளவு நெருக்கமாக அவர்கள் எப்போதும் இருந்ததில்லை. சொல்லிவிடலாமா என்று மேஸ்திரி தினமும் நினைத்தான். மணிக்கூண்டு முடியட்டும், முடிந்ததும் சொல்லிவிடலாம் என்று தள்ளிப்போட்டான்.

மணிக்கூண்டு பாதி எழுந்திருந்தபோது ஒரு மத்தியானம் பல் டாக்டர் கடைக்குள் வந்தார். ஹெட்போன் வாங்க வேண்டுமாம். கூடவே பாப்பா. அப்பா கவுண்டரில் நிற்க, அவள் நேராகப் பின்னறைக்குள் ஓடிவந்துவிட்டாள்.

"ஐ! இது என்னோட ஊரு! அங்கிள், உங்க வீடு அப்படியே இருக்கு பாத்தீங்களா? நான் தொடவே இல்ல. நீங்க சொன்னீங்கன்னு அந்த மணிக்கூண்டைத்தானே வெடிச்சேன்!"

பல்லியின் கை மவுசின் மேல் அப்படியே நின்றது. பார்சல் திரும்பி மேஸ்திரியைப் பார்த்தான். மேஸ்திரி திரையை அணைக்கக் கையை நீட்டினான். பார்சலுக்கு அதுவே போதுமானதாக இருந்தது.

அதற்குள் டாக்டர் உள்ளே எட்டிப் பார்த்தார். "என்னம்மா? நம்ம மெஷின்ல இருக்கறது இங்க எப்படி வந்துச்சு?"

மேஸ்திரியின் வேலை அந்த ஒரு கேள்வியில் தொங்கியது. பதில் சொன்னவன் பார்சல்.

"இல்ல சார். இந்த கேம்ல எல்லாருக்கும் ஒரே மாதிரி ஊருதான் வரும். குழந்தை பாவம், தன்னோடதுன்னு நினைச்சுக்கிச்சு."

டாக்டர் தலையாட்டிவிட்டு, மகளை இழுத்துக்கொண்டு போனார். பார்சல் டப்பாவை மூடினான். பையைத் தோளில் மாட்டினான்.

"டேய், ஒரு நிமிஷம்டா," என்றான் மேஸ்திரி. "அந்த நேரத்துல எனக்கு என்ன சொல்றதுன்னே..."

"நிறைய டெலிவரி இருக்கு," என்று சொல்லிவிட்டு அவன் வெளியே போனான்.

மறுநாள் மத்தியானம் மேஸ்திரி ஊரைத் திறந்து வைத்து உட்கார்ந்திருந்தான். யாரும் உள்ளே வரவில்லை. பல்லி வெளிப்படியில் உட்கார்ந்து சாப்பிட்டான். சாப்பிட்டு முடித்து உள்ளே வந்தபோது, "வைரத்துக்கே அவ்வளவு பெரிய தீர்ப்பு சொன்னியேடா," என்று மட்டும் சொன்னான்.

வாசலில் பைக் நிற்கிற சத்தம் கேட்டது. மேஸ்திரி எழுந்து ஓடினான். பார்சல் கவுண்டருக்கு வெளியிலேயே நின்று ஒரு பெட்டியை வைத்தான். கையெழுத்து வாங்குகிற கருவியை நீட்டினான்.

"சார், இங்க ஒரு கையெழுத்து."

"என்னடா புதுசா சாரு?" மேஸ்திரி சிரிக்கப் பார்த்தான். "உள்ள வாடா. இன்னைக்கு மணிக்கூண்டை முடிச்சிடலாம்."

"இங்க போடுங்க சார். விரலாலேயே போடலாம்."

மேஸ்திரி கண்ணாடியின் மேல் விரலை வைத்தான். மணிக்கூண்டைக் காட்டிய அதே விரல். கையெழுத்து கோணல்மாணலாக வந்தது. பார்சல் அதைப் பார்க்கக்கூட இல்லை.

"தேங்க்ஸ் சார்," என்று சொல்லிவிட்டு பைக்கை எடுத்தான்.