லண்டன்காரர் சொல்லாத ஜன்னல்

அந்தப் புத்தகத்தை எங்கள் ஊர்ச் செங்கம் சாலையில் ஒரு பழைய பேப்பர் கடையில் வாங்கினேன். ஆசிரமத்துப் பக்கம் அறை எடுத்துத் தங்கும் வெளிநாட்டுக்காரர்கள் ஊருக்குத் திரும்பும்போது சுமை குறையட்டும் என்று விட்டுப்போகும் புத்தகங்கள் அங்கேதான் வந்து சேரும். பெரும்பாலும் தியானம், மோட்சம். இது ஒன்று மட்டும் வீடு கட்டுவதைப் பற்றி இருந்தது. எழுபதுகளின் கடைசி அது. எங்களுக்கு ஊர் ஓரத்தில், வேங்கிக்காலில் ஒரு மனை இருந்தது. மோட்சத்தைவிட எனக்கு அதுதான் அவசரம்.

எழுதியவர் ஒரு பிரிட்டிஷ் கட்டடக் கலைஞர். கட்டடத்தில் புதுமை வேண்டும் என்கிற கட்சி. பூவேலை, அலங்காரத் தூண் எதுவும் அவருக்கு ஆகாது. வீட்டை வெளியிலிருந்து வரையாதே, உள்ளே வாழ்கிறவரின் உடம்பிலிருந்து வரை என்பார். எங்கே நிற்கிறார், கை எதுவரை எட்டுகிறது, எந்த நேரத்தில் எங்கே வெயில் விழுகிறது, இதையெல்லாம் கேட்டுவிட்டுச் சுவரை எழுப்பு என்பார். விருந்தாளிக்கு முகத்தையும் வீட்டு ஆளுக்கு முதுகையும் காட்டுகிற வீடு பொய் சொல்கிறது என்றார். அதைப் படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது.

நான் பெண்கள் உயர்நிலைப் பள்ளியில் ஆங்கில ஆசிரியை. சிவப்புப் பேனா இல்லாமல் எதையும் படிக்க வராது. அவருக்கும் திருத்தம் போட்டேன். வெப்ப நாட்டுப் பெண்கள் தரையில் குந்திச் சமைப்பது எவ்வளவு இயல்பாக இருக்கிறது என்று ஓரிடத்தில் மெச்சியிருந்தார். 'நீ குந்தி அடுப்பு ஊதிப் பார்' என்று ஓரத்தில் எழுதினேன். வெளிச்சத்தைப் பற்றி அத்தனை பேசியவர், சமையலறை என்று வந்ததும், சின்னதாகப் பின்பக்கம் வைத்துவிடு, வாசனை கூடத்துக்கு வராது என்றார். அங்கே பெரிதாகப் பெருக்கல் குறி போட்டேன். முதுகு முதுகு என்று திட்டினாயே, கடைசியில் எங்களைக் கொண்டுபோய் அங்கேதானே வைக்கிறாய்?

அப்போது நாங்கள் கோயிலுக்குப் பக்கத்துச் சந்தில் ஒரு வாடகை வீட்டில் இருந்தோம். கடைசி அறை சமையற்கட்டு. அடுப்புக்கு நேர் எதிரே கரி பிடித்த சுவர். நான் காலையில் பள்ளிக்குத் தப்பித்து ஓடிவிடுவேன். பகல் முழுக்க அந்தப் புகையில் கண்ணைக் கசக்கிக்கொண்டு கிடந்தவர் என் மாமியார். அதை நினைத்தாலே எனக்கு ஆத்திரம் வரும். புது வீட்டில் சமையற்கட்டு தெருப் பக்கம், நின்று சமைக்க மேடை, மேடைக்கு மேல் அகலமான ஜன்னல் என்று நானே வரைந்து அவரிடம் காட்டினேன்.

"எனக்கு எதுக்கும்மா ஜன்னலு? அடுப்பு எரிஞ்சா போதாதா?" என்றார் அத்தை.

அவருடைய மூத்த மகன், என் கணவரின் அண்ணன், நான் மாமா என்று கூப்பிடுகிறவர், குதித்தார். மாமனார் இல்லாத வீட்டில் அவர் வைத்ததுதான் சட்டம்.

"போறவன் வர்றவன்லாம் நம்ம வூட்டுப் பொம்பளைங்க சமைக்கறத வேடிக்கை பாக்கணுமா?"

மனையடி சாஸ்திரம் பார்க்கிறவரைக் கூட்டி வந்தார். கிழக்குப் பார்த்த மனை, அடுப்பு வைக்கிற அக்கினி மூலை தெருப் பக்கம்தான் வருகிறது, தாராளமாக வைக்கலாம் என்று அந்த மனிதர் சொல்லிவிட்டார். அண்ணன்காரர் அதற்கும் மசியவில்லை. சாஸ்திரம் இருக்கட்டும், மானம் என்று ஒன்று இருக்கிறதே என்றார். சுவர் ஜன்னல் மட்டத்துக்கு எழும்பியதும், இடைவெளி விடாமல் மேலே கட்டும்படி மேஸ்திரிக்கு உத்தரவு போட்டார்.

என் கணவருக்குச் சண்டை என்றால் பயம். ஒரு குறுக்கு வழி கண்டுபிடித்தார்.

"லண்டன்ல ஒரு பெரிய ஆர்க்கிடெக்ட் இப்டித்தான் வெக்கணும்னு எழுதியிருக்காருண்ணா. அதப் பாத்துதான் இவ வரைஞ்சா."

"அப்டியா? மொதல்லயே சொல்றதுக்கு இன்னா? அப்ப வெச்சிக்கலாம்."

வாயை மூடிக்கொண்டிருந்தால் காரியம் முடிந்திருக்கும். எனக்கோ பற்றிக்கொண்டு வந்தது. சாஸ்திரத்துக்கு மசியாத மானம் லண்டன் என்றதும் எங்கே போனது? எங்கள் வீட்டு அடுப்படிக்கு வெளிச்சம் வேண்டும் என்று சாட்சி சொல்லக் கப்பலேறி ஆள் வரவேண்டுமா? இன்று அவர் பேரைச் சொல்லி வாங்கினால், நாளைக்கு அவர் பேரைச் சொல்லியே அடைப்பார்கள்.

"அவரு அப்டி எழுதல மாமா. பின்னாடி வெக்கத்தான் சொல்றாரு. தெருப் பக்கம் கேக்கறது நானு."

அவர் முகம் மாறிவிட்டது. "அப்ப ஜன்னல் கெடையாது."

"அப்ப வீடும் கெடையாது. மேஸ்திரி, நாளைலருந்து வராதீங்க."

கடன் என் சம்பளத்தின் பேரில் வாங்கியது. மேஸ்திரி என் பேச்சைத்தான் கேட்டார்.

மழைக்காலம் வந்து போனது. அரைகுறைச் சுவரின்மேல் ஆடுகள் ஏறி நின்றன. டீச்சரம்மாவுக்குத் திமிர் ஜாஸ்தி என்று ஊரில் பேசிக்கொண்டார்கள். ஆமாம், ஜாஸ்திதான். கம்மியாக இருந்தவர்கள் எல்லாம் புகையில்தானே கிடந்தார்கள். கணவர் என்னோடு பேசுவதைக் குறைத்துக்கொண்டார். அது வலித்தது. ஆனாலும் நான் இறங்கி வரவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, இன்றைக்கு இதை முடித்துவிடுகிறேன் என்று அண்ணன்காரர் மேஸ்திரியோடு எங்கள் எல்லோரையும் மனைக்குக் கூட்டிப் போனார். அத்தை அங்கே வருவது அதுவே முதல் தடவை. எது எந்த அறை என்று கேட்டுக்கொண்டு, சமையற்கட்டில் மேடை வரவேண்டிய இடத்தில் போய் நின்றார். சுவர் அவருடைய இடுப்பளவுதான். அதற்கு மேல் ஆகாயமும் தெருவும்.

தண்ணீர்க் குடத்தோடு போன ஒரு பெண் நின்றாள். "இன்னா பெரியம்மா, எப்ப குடி வர்றீங்க?"

அத்தை சுவரில் இரண்டு கைகளையும் ஊன்றிக்கொண்டு அவளோடு பேச ஆரம்பித்தார். எந்த ஊர், எத்தனை பிள்ளை, தண்ணீர் எங்கே எடுக்கிறீர்கள். பேச்சு முடிகிற மாதிரி தெரியவில்லை. சமையற்கட்டில் நின்றபடி அவர் ஒரு வெளி ஆளோடு பேசி நான் பார்த்ததே இல்லை.

"அம்மா, இப்டி தள்ளி வா. செவுரு எழுப்பணும்" என்றார் அண்ணன்காரர்.

அத்தை நகரவில்லை. "எழுப்பாத. இங்க ஜன்னல் வை."

"இன்னாம்மா நீயும்? இது எந்தப் புஸ்தகத்துல போட்டிருக்குது?"

"புஸ்தகம் எதுக்குடா? ஆயுசு பூரா செவுத்தப் பாத்துக்குனே உங்களுக்கெல்லாம் ஆக்கிப் போட்டவ நானு. நான் சொல்றேன், வை."